மாமாவின் பொதி

இயக்கங்களின் வரலாற்றை மாணவருக்குக் கற்பிக்கும் நான், அவ்வரலாற்றின் ஒரு துண்டு அட்டனுக்கு அண்மையிலுள்ள எங்கள் லயத்தின் கடைசிக் காம்பராவில், கரட்டும் லீக்சும் பயிரிட்டு வாழ்வதை அறிவேன். அறிந்தும் அவரிடம் எதனையும் கேட்டதில்லை. அவர் என் தாய்மாமன். சென்ற டிசம்பர் விடுமுறையிற்றான் கேட்டேன்.

1977ஆம் ஆண்டு வன்செயலின்பின் வவுனியாவுக்குப் பெயர்ந்த மலையகக் குடும்பங்களுள் தாத்தாவின் குடும்பமும் ஒன்று. மணமாகியிருந்த அம்மா மட்டும் தோட்டத்திலேயே தங்கினார். காந்தியம் இயக்கத்தார் அமைத்த குடியேற்றமொன்றிலே காடு வெட்டினார்கள். அங்கும் மாமாவுக்குக் கிடைத்த பெயர் ‘தோட்டக்காட்டான்’. 1948இல் குடியுரிமை இழந்து, 1964இல் இந்தியாவுக்கு 525,000, இலங்கைக்கு 300,000 எனத் தலையெண்ணிப் பங்கிடப்பட்ட மக்களின் பிள்ளை அவர். 1975இல் இலண்டனில் தோன்றிய ஈரோஸ் அமைப்போ, மலையகத்தாரையும் ‘ஈழவர்’ என்ற சொல்லுள் அடக்கியது.

“நாடற்றவன், நாடற்றவன்னு கேட்டே வளந்தவனுக்கு, நீயும் எங்க ஆளுதான்னு ஒருத்தன் சொன்னா போதாதா தம்பி?”

கோட்பாடு பற்றி அவர் பேசியது அவ்வளவே. மற்றதெல்லாம் ஒரு பொதியைப் பற்றியது. 1985 அளவில், கண்டியில் ஒருவரிடம் வாங்கி நாவலப்பிட்டியில் மற்றொருவரிடம் சேர்ப்பித்த பொதி. ரெயிலில் அதனை ஆசனத்தின் கீழே வைத்திருந்தாராம். பக்கத்தில் இருந்த சிங்களத் தாயொருத்தி, உறங்கிய பிள்ளையின் தலையை இவர் மடியிற் சாய்த்துவிட்டு, வாங்கிய வடையிற் பாதியை நீட்டினாள்.

“உள்ள என்னன்னு நான் கேக்கல. தெரிஞ்சிருமோன்னுதான் கேக்கல.”

அதன்பின் பல நாள் பத்திரிகையைப் பிரிக்கவே அஞ்சினாராம். அந்த வடையின் உறைப்பு இன்றும் நாவில் இருக்கிறது என்றார்.

1990இல் ஈரோஸ் கலைக்கப்பட்டபோது பலர் புலிகளுடன் சேர்ந்தனர். மாமா மலையேறி வந்தார். மறு ஆண்டு ஒரு சுற்றிவளைப்பு. வாசலில் நின்ற பத்து வயதுச் சிறுவனிடம், கடைசிக் காம்பராவில் இருப்பவர் உறவா என்று கேட்டார்கள். “இல்லை” என்றேன். எவரும் உரிமை கோராத மனிதரை ஏற்றிச் செல்வது எளிது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் இரண்டாண்டுகள் அவர் தடுப்பில் இருந்தார்.

இம்முறை அதனை நானே அவரிடம் சொன்னேன். கரட்டின் மண்ணைத் தட்டிக்கொண்டிருந்தவர் நிமிரவில்லை.

“கேட்டுச்சுப்பா. சுவருக்கு இந்தப் பக்கந்தான நின்னேன்.”

பின் கரட்டைக் கட்டாகக் கட்டி, அம்மாவிடம் கொடுக்குமாறு என் கையில் தந்தார்.