சைகோன் வழியாக வந்த சமையல்

சீனச் சமையல் நம் பக்கம் வந்து சேர்ந்த வழி ஒன்றல்ல. தெருமுனை ஃபாஸ்ட்ஃபுட் கடையில் கிடைக்கும் நூடுல்ஸும் மஞ்சூரியனும் கொல்கத்தாச் சீனர்களின் அடுப்பில் தொடங்கி, மும்பை ஹோட்டல்களைச் சுற்றிக்கொண்டு வந்தவை. புதுச்சேரிக்கு வந்தது வேறு வழி. பிரெஞ்சு அரசாங்கத்திலும் படையிலும் வேலை பார்த்த தமிழர்களின் வீட்டுப் பெண்களோடு அது சைகோனிலிருந்து கப்பலேறி வந்தது. பொருளில் பாதி சீனம், கைப்பக்குவத்தில் வியட்நாம். பெரும்பாலும் வீட்டுக்குள்ளேயே தங்கிவிட்டதால் ஊர் பார்க்க வருகிறவர்கள் கண்ணில் அது அதிகம் படுவதில்லை.

புதுச்சேரி போயிருந்தபோது அந்தச் சமையலைக் கையைப் பிடித்துக் கற்றுக்கொடுக்கும் ஒரு வீட்டைத் தேடிப் போனேன். வெள்ளை நகரத்தில் இல்லை அந்த வீடு. பெரிய வாய்க்காலுக்கு மேற்கே, தமிழர் பகுதியில், வாசலில் தூண் வைத்த பழைய ஓட்டு வீடு. சொல்லித்தருகிற அம்மாவுக்கு அறுபதைத் தாண்டிய வயது. அவருடைய பாட்டனார் சொல்தா; பிரெஞ்சுப் படையில் இருந்தவர்களைப் புதுச்சேரியில் அப்படித்தான் சொல்வார்கள். பாட்டி சைகோன் பக்கத்துப் பெண். பேத்திக்கு வியட்நாம் மொழியில் எண்ணத் தெரியும், சில சாமான்களின் பெயர் தெரியும், அதற்கு மேல் தெரியாது. சமையல் மட்டும் முழுசாக வந்திருக்கிறது.

அன்றைக்கு எங்களுக்குச் சொல்லித்தந்தது நெம். அரிசித்தாளில் கறியும் கண்ணாடி சேமியாவும் வைத்துச் சுருட்டி எண்ணெயில் பொரிப்பது. தென் வியட்நாமில் இதைச் சா யோ என்பார்கள். பிரெஞ்சுக்காரர்கள் நெம் என்றார்கள், புதுச்சேரியிலும் அதுவே நிலைத்தது. என்னோடு கற்க வந்தவர்கள் ஒரு பெங்களூர்த் தம்பதி, பாரிஸில் பிறந்து தாத்தாவின் ஊரைப் பார்க்க வந்திருந்த ஓர் இளம்பெண். அம்மாவுக்கு உதவியாக வைத்திக்குப்பத்திலிருந்து ஓர் அக்கா. அந்த அக்காவைப் பற்றிப் பிறகு சொல்ல வேண்டும்.

முதலில் அம்மா சாமான்களைத் தாம்பாளத்தில் பரப்பி ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்க்கச் சொன்னார். கண்ணாடி சேமியா பாசிப்பயறு மாவில் செய்வது. காய்ந்திருக்கும்போது வெள்ளைக் கம்பி, ஊறினால் கண்ணாடியாகத் தெளிந்துவிடும். கறுப்புக் காளான் காய்ந்த சருகாகக் கைக்குள் நொறுங்கும், வெந்நீரில் போட்டால் விரிந்து பாத்திரத்தை நிறைத்துவிடும். அதற்கென்று ருசி கிடையாது, பல்லில் கடிபடும் அந்த நறுக்குக்காகவே சேர்ப்பது. இந்த இரண்டும் சீனர்கள் சமையலில் நெடுங்காலமாகப் புழங்குகிற சாமான்கள். சைகோனை ஒட்டிய சோலோன் சீன வியாபாரிகளின் ஊர். அந்தப் பாட்டி வாங்கிப் பழகியதும் அங்கேதான். ஆனால் சீனர்கள் கோதுமை மாவுத் தாளில் சுருட்டுவார்கள். அரிசியை அரைத்து, கொதிக்கும் பானையின் வாயில் கட்டிய துணிமேல் மாவை மெல்லிசாக ஊற்றி, ஆவியில் வேகவிட்டு, மூங்கில் தட்டியில் வெயிலில் உலர்த்தும் தாள் வியட்நாமுடையது. தட்டியின் பின்னல் தடம் தாளில் அப்படியே பதிந்திருக்கும். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துக் காட்டினார். இன்றைக்கு ஆலையிலிருந்து வருகிற தாள்களில் மரவள்ளி மாவும் கலந்திருக்கிறது. கிழியாமல் இருக்க அது உதவுகிறது என்றார்.

தாள் கிடைக்காத காலத்தில் என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். பாரிஸிலிருந்து வருகிற சொந்தக்காரர்கள் பெட்டியில் வைத்துக் கொண்டுவருவார்களாம். பாரிஸின் 13ஆம் வட்டாரத்தில் சீன, வியட்நாம் கடைகள் வரிசையாக இருக்கின்றன. சைகோன் பலகாரத்துக்கான தாள் பாரிஸ் போய்ப் புதுச்சேரிக்கு வந்தது! அதுவும் தீர்ந்துபோனால் மைதாத் தாள்தான். இப்போது சூப்பர் மார்க்கெட்டிலேயே பாக்கெட் கிடைக்கிறது.

கறி பன்றிக்கறி. வேண்டாம் என்பவர்களுக்குக் கோழி, இறால். அன்றைக்குப் பெரிய மார்க்கெட்டில் வாங்கிய இறாலையும் பொடியாகக் கொத்திச் சேர்த்தார். கேரட்டைத் துருவி, வெங்காயத்தை நறுக்கி, உப்புப் பிசறி வைத்து, இரண்டையும் துணியில் கட்டி ஒட்டப் பிழியச் சொன்னார். பூரணத்தில் நீர் நின்றால் எண்ணெயில் தாள் வெடிக்கும். சேமியாவை முழுக்க ஊறவிடாமல் பாதியில் எடுத்து, விரல்நீளத்துக்கு வெட்டிப் போட வேண்டும். மீதி ஈரத்தைக் கறியிலிருந்து அது தானே இழுத்துக்கொள்ளும். சேர்ந்து நிற்க முட்டை. மிளகுத்தூள், கொஞ்சம் மீன் சாறு. மஞ்சளோ மிளகாய்த்தூளோ கிடையாது.

அடுத்தது சுருட்டு. மொத்த வித்தையும் அதில்தான். அகலமான தட்டில் தண்ணீர், அதில் ஒரு சிட்டிகைச் சர்க்கரை. பொரியும்போது நிறம் ஏற அது போதும். தாளை ஒரு முக்கு முக்கி ஈரத்துணியில் விரிக்க வேண்டும். தட்டில் விரித்தால் ஒட்டிக்கொள்ளும். விரித்தவுடன் அப்பளமாக விறைத்துக் கிடக்கும், அவசரப்பட்டால் முறியும். "பொறுங்க. வெரலால தொட்டா மடங்கணும். அப்பதான் கை வைக்கணும்" என்றார் அம்மா. அந்தப் பொறுமைக்குக் கடிகாரக் கணக்கு கிடையாது; வெயில் நாளில் ஒரு மாதிரி, மழை நாளில் ஒரு மாதிரி.

தாள் தளர்ந்ததும் நமக்கு நெருங்கிய பக்கத்தில் சுண்டுவிரல் கனத்துக்குப் பூரணத்தை நீட்டி வைத்து, கீழ் ஓரத்தை மேலே மடித்து, இரண்டு கட்டைவிரலாலும் உள்ளே இருக்கும் காற்றை வெளியே தள்ள வேண்டும். பிறகு இடமும் வலமும் மடிப்பு. அப்புறம் உருட்டிக்கொண்டே போக வேண்டியதுதான். இறுக்கினால் எண்ணெயில் சேமியா உப்பும்போது பிளக்கும். தளர்ந்தால் எண்ணெய் உள்ளே இறங்கும். சரியான இறுக்கம் எது என்று பாரிஸ் பெண் கேட்டாள். அம்மா வாயால் சொல்லவில்லை. தான் சுருட்டிய ஒன்றை அவள் உள்ளங்கையில் வைத்து, அவள் விரலைப் பிடித்து நடுவில் அழுத்திக் காட்டினார். அடுத்ததை என் கையில் வைத்தார். அழுத்தினால் கொடுக்கிறது, எடுத்ததும் திரும்புகிறது. எந்தச் சமையல் புத்தகத்திலும் இதை எழுதிவைக்க முடியாது என்று அந்த நிமிஷம் எனக்கு உறைத்தது.

வைத்திக்குப்பத்து அக்கா இந்த நேரமெல்லாம் பக்கத்து மேடையில் பேசாமல் சுருட்டிக்கொண்டிருந்தார். நாங்கள் ஒன்றை முடிப்பதற்குள் அவர் தட்டில் ஒரு வரிசை நிரம்பிவிடும். எல்லாம் ஒரே நீளம், ஒரே கனம். கண் தாளில் இல்லை; அடுப்பையும் எங்களையும் பார்த்துக்கொண்டே கை ஓடுகிறது. அவர் கல்யாணமாகி வந்த வருஷத்திலிருந்து இந்த வீட்டில் நெம் சுருட்டுகிறார். கிறிஸ்துமஸ், புதுவருஷம், கல்யாணம், பிரான்சிலிருந்து சொந்தங்கள் இறங்கும் ஜூலை, ஆகஸ்ட் விடுமுறை என்று ஆர்டர் குவியும். நூற்றுக்கு இவ்வளவு என்று கூலி. "டிசம்பர்ல ராத்திரி படுத்தாக்கூட வெரலு மடிச்சுக்கிட்டே இருக்கும்" என்றார். வியட்நாம் எந்தத் திசையில் இருக்கிறது என்று அவருக்கு அக்கறை கிடையாது. ஆனால் இந்த ஊரில் நெம் இன்னும் பிழைத்திருப்பது அவர் கையிலும் அவரைப் போன்ற மீனவக் குடும்பத்துப் பெண்கள் கையிலும்தான்.

மீன் சாறு புட்டியைத் திறந்ததும் பெங்களூர்த் தம்பதி முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அக்கா சிரித்தார். "நெத்திலிதானே இது!" உண்மையும் அதுதான். நெத்திலி இனத்து மீனை உப்போடு அடுக்கி, மரத்தொட்டியில் ஏறக்குறைய ஒரு வருஷம் ஊறவிட்டு, அடியில் வடிவதை எடுப்பது இந்தச் சாறு. வியட்நாமின் ஃபூ குவாக் தீவில் எடுக்கும் சாற்றுக்கு 2012இல் ஐரோப்பிய ஒன்றியம் இடப்பெயர்ப் பாதுகாப்பே கொடுத்திருக்கிறது. கருவாட்டு வீட்டில் பிறந்த அக்காவுக்கு முதல் நாளே இந்த வாடை பழகியதில் ஆச்சரியம் இல்லை. எலுமிச்சைச்சாறு, சர்க்கரை, தண்ணீர், நசுக்கிய பூண்டு, மிளகாய் சேர்த்து அவரே தொட்டுக்கொள்ளக் கலக்கினார். அளவு பார்க்கவில்லை, நாக்கு நுனியில் வைத்துப் பார்த்ததோடு சரி.

எண்ணெய் மிதமாகக் காய வேண்டும். மடிப்பு முனை கீழே இருக்க ஒவ்வொன்றாக இறக்கி, ஒன்றோடொன்று தொடாமல் இடம் விட வேண்டும். அரிசித்தாள் பக்கத்துத் தாளைத் தொட்டால் விடாது, பிரித்தால் இரண்டும் கிழியும். பச்சைக் கறி உள்ளே வேக வேண்டுமே, அதனால் தீயைக் கூட்டக் கூடாது. மேலெல்லாம் சின்னச் சின்னக் கொப்புளம் கிளம்பியதும், இளம் பொன்னிறத்தில் ஒரு தரம் எடுத்து வடியவைத்து, பரிமாறும் முன்பு மறுபடி ஒரு பொரி. லெட்யூஸ் இலையில் புதினாவோடு சுற்றி, சாற்றில் தோய்த்துச் சாப்பிட்டோம். தாள் நொறுங்கும் சத்தம் கேட்டது. உள்ளே சேமியா கறியின் சாறை எல்லாம் பிடித்துவைத்திருந்தது.

சாப்பிட்டபடியே அம்மா குடும்பக் கதை சொன்னார். அதை ஊர்க் கதையிலிருந்து பிரிக்க முடியாது. பிரெஞ்சுக்காரர்கள் சைகோனைப் பிடித்தது 1859இல். நம் சாதிச் சட்டங்களையும் சமயச் சட்டங்களையும் துறந்து பிரெஞ்சுச் சிவில் சட்டத்தை ஏற்கலாம் என்று 1881 செப்டம்பர் 21ஆம் தேதி ஓர் ஆணை வந்தது. அப்படித் துறந்த புதுச்சேரி, காரைக்கால் குடும்பங்களுக்கு இந்தோசீனாவில் போலீஸ், சுங்கம், அலுவலகம், படை என்று வேலை திறந்தது. செட்டிநாட்டு நகரத்தார் லேவாதேவிக்காக ஏற்கெனவே அங்கே போக்குவரத்தாக இருந்தார்கள். சைகோனில் மாரியம்மன் கோயிலும் தண்டாயுதபாணி கோயிலும் இன்றும் இருக்கின்றன. பிறகு ஒரே வருஷத்தில் இரண்டு கரையும் மாறின. 1954 மே மாதம் தியன் பியன் ஃபூவில் பிரெஞ்சுப் படை தோற்றது. ஜூலையில் ஜெனீவா ஒப்பந்தம். இந்தக் கரையில், அக்டோபர் 18இல் கீழூரில் 178 பிரதிநிதிகள் வாக்களித்து, 170 பேர் இந்தியாவோடு சேரச் சொன்னார்கள். நவம்பர் 1 முதல் நிர்வாகம் இந்தியா கைக்கு வந்தது. அங்கே வேலை போன கணவனோடு, இங்கே கொடி மாறிய ஊருக்கு, மொழி தெரியாமல் அந்தப் பெண்கள் வந்து இறங்கினார்கள். 1962 ஆகஸ்ட் 16இல் சட்டப்படி இணைப்பு முடிந்தபோது குடியுரிமை எது என்று குடும்பங்கள் மறுபடி யோசிக்க வேண்டியிருந்தது. 1975இல் சைகோன் விழுந்த பிறகும் சிலர் வந்தார்கள்.

மாமியார் வீட்டில் அம்மாவின் பாட்டிக்கு முதலில் அடுப்படியே கிடைக்கவில்லையாம். தாளிப்பு வடகத்தின் வாசனை நிறைந்த சமையலறையில் மீன் சாற்றுப் புட்டியை வைக்க இடம் கேட்டு வாதாடி, கொல்லையில் தனி அடுப்புப் போட்டுக்கொண்டார். கொஞ்ச காலத்தில் மாமியாரே ஞாயிற்றுக்கிழமை நெம் கேட்கத் தொடங்கினார்.

புதுச்சேரிச் சுற்றுலாப் படங்களில் மஞ்சள் சுவரும் குரோசானும் இருக்கும் அளவுக்கு இந்தப் பெண்கள் இல்லை. எனக்கு அது பொறுக்கவில்லை. வில்லியனூர்ச் சுடுமண் பொம்மைக்கும் திருக்கனூர்க் காகிதக்கூழ்ப் பொம்மைக்கும் புவிசார் குறியீடு உண்டு, நியாயமான பெருமை. அதே மாவட்டத்தில், தலைமுறையாகக் கையில் ஏறிய இன்னொரு தொழில் கொல்லையில் கிடக்கிறது. அதைக் கைத்தொழிலாக யாரும் எண்ணுவதில்லை, செய்கிறவர்களைத் தொழிலாளியாகவும் எண்ணுவதில்லை. பிரெஞ்சு வீடுகளுக்குச் சாயம் பூசுகிற அக்கறையில் ஒரு பங்கு இந்த அடுப்புகளுக்கும் வர வேண்டும். பாட்டிமார்கள் பெரும்பாலும் போய்விட்டார்கள். பேத்திகள் பாதிப் பேர் பிரான்சில்.

வகுப்புக்கு வாங்கும் பணத்தில் அக்காவுக்கு இப்போது பங்கு உண்டு. அவர் கேட்டு வாங்கியது. அம்மா சொல்லித்தருகிறபோது தன் கையைத்தானே எல்லாரும் படம் பிடிக்கிறார்கள் என்று கேட்டாராம், அம்மா மறுக்கவில்லை. போன கிறிஸ்துமஸுக்கு அக்கா குப்பத்திலேயே நாத்தனாரைச் சேர்த்துக்கொண்டு தனியாகவும் ஆர்டர் எடுத்திருக்கிறார். பன்றிக்கறி இல்லாமல், முட்டைக்கோசும் இறாலும் வைத்து, விலை குறைத்து. அம்மாவுக்கு முட்டைக்கோசு பிடிக்கவில்லை, பூரணத்தில் தண்ணீர் விடும் என்கிறார். பிழிந்தால் விடாது என்கிறார் அக்கா. நாங்கள் கை கழுவி விடைபெறும்போதும் அந்த வாக்குவாதம் ஓடிக்கொண்டுதான் இருந்தது. பாரிஸ் பெண் மட்டும் கிளம்பவில்லை; மீதியிருந்த தாள்களை எடுத்துக்கொண்டு அக்கா பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள்.