ஐயாவின் அரைக்கால்



போன வாரம் பேத்தி பின்னக் கணக்கு நோட்டைத் தூக்கிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் மல்லுக்கட்டிவிட்டு, "ஐயா, இந்த எண்ணையெல்லாம் கையில எடுத்துப் பார்க்கிற மாதிரி ஒரு பள்ளிக்கூடம் இருந்தா எப்படி இருக்கும்?" என்றாள். விளையாட்டாகத்தான் கேட்டாள். எனக்கு நெற்குப்பைத் திண்ணை ஒன்று ஞாபகத்துக்கு வந்துவிட்டது.

நான் படித்தது புதுச்சேரியில், பிரெஞ்சு மொழியில். அப்பச்சிக்கு அங்கே ஒரு கடையில் கணக்கு வேலை. கோடை விடுமுறைக்கு மட்டும் நெற்குப்பை ஆயா வீடு. எழுத்தாளர் சோமலெ பிறந்த ஊர் என்று பலருக்கும் தெரிந்திருக்கும். ஊர்ப்பெயரில் உள்ள குப்பைக்குப் பழைய தமிழில் குவியல் என்று பொருள். நெற்குவியல் ஊர்.

ஆயா வீட்டு ஐயா பெட்டியடிப் பையனாக ரங்கூன் போய், அடுத்தாள் வரை உயர்ந்தவர். 1942இல் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வெறுங்கையோடு திரும்பினார். கொண்டுவந்த சொத்து கணக்கு ஒன்றுதான். சாயங்காலம் தெருப்பிள்ளைகளைத் திண்ணையில் உட்காரவைத்து அதைச் சொல்லிக்கொடுப்பார். காசு வாங்கமாட்டார்.

கரும்பலகை கிடையாது. மணல், புளியங்கொட்டை, அப்புறம் படி, உரி, உழக்கு, ஆழாக்கு. இவ்வளவுதான். இருபதில் ஒன்று மா, எண்பதில் ஒன்று காணி, முந்நூற்றிருபதில் ஒன்று முந்திரி. பிள்ளைகள் ராகம் போட்டுச் சொல்வார்கள்.

பத்து வயசில் எனக்குப் பின்னம் என்றால் நடுக்கம். அரை, கால், அரைக்கால் மூன்றையும் கூட்டு என்றார்கள் பள்ளியில். நான் மேலே உள்ளதை மேலேயும், கீழே உள்ளதைக் கீழேயும் கூட்டி, பதினாலில் மூன்று என்று எழுதி அடி வாங்கினேன். ஏன் தப்பு என்று யாரும் சொல்லவில்லை.

ஐயாவிடம் காட்டினேன். அவர் சிரிக்கவில்லை. வெறும் படியை முன்னால் வைத்தார். உரி நிறைய நெல் அள்ளிப் போடச் சொன்னார். படியில் பாதி வந்தது. "இது அரை. நீ எழுதினது இதை விடச் சின்னது. இன்னும் ரெண்டு போடணும், போடப் போடக் குறையுமாப்பா?" என்றார். பிறகு ஓர் உழக்கு, ஓர் ஆழாக்கு. படி நிறைய இன்னும் எவ்வளவு வேண்டும் என்றார். பார்த்தாலே தெரிந்தது, இன்னும் ஓர் ஆழாக்கு. ஆக, எட்டில் ஏழு. அன்றைக்கு அரைக்கால் என்பது என் உள்ளங்கையில் கனத்தது. அதற்குப் பிறகு பின்னத்தில் நான் தப்பு விட்டதில்லை.

இதற்கு நான் செய்த கைம்மாறு என்ன தெரியுமா?

அடுத்த கோடை, 1961. நாடே மெட்ரிக் அளவுக்கு மாறிக்கொண்டிருந்தது. 1957 ஏப்ரலில் நயா பைசா வந்தது, மறுவருஷம் அக்டோபரிலிருந்து கிலோ வர ஆரம்பித்தது. பள்ளியில் மீட்டரைப் பற்றிப் பெருமையாகச் சொல்லியிருந்தார்கள். திண்ணையில் பிள்ளைகள் எதிரிலேயே நான் சொன்னேன்: "ஐயா, உங்க மாவும் காணியும் இனிமே செல்லாது. மீட்டருன்னு ஒரு கம்பி பாரிஸ் பக்கத்துல வச்சிருக்காங்க. உலகத்துக்கே அதுதான் அளவு."

"நீ அதைப் பாத்திருக்கியாப்பா?" என்றார்.

"இல்லை."

அவர் மேற்கொண்டு ஒன்றும் பேசவில்லை. மறுநாள் பிள்ளைகள் வந்தபோது, வெயில் அதிகம், பிறகு பார்க்கலாம் என்று அனுப்பிவிட்டார். படியும் உழக்கும் உள்ளே போய்விட்டன. நான் இருந்தவரை வெளியே வரவில்லை. அடுத்த தையில் ஐயா தவறிப்போனார். மன்னிப்புக் கேட்கத் தோன்றும் வயசு எனக்கு வந்தபோது கேட்க ஆள் இல்லை.

பின்னாளில்தான் படித்தேன். பிளாட்டினம்-இரிடியக் கம்பி ஒன்று 1889 முதல் பாரிஸை அடுத்த செவ்ரில் மீட்டராக இருந்தது உண்மை. ஆனால் 1960 அக்டோபரிலேயே அதற்கு ஓய்வு கொடுத்துவிட்டார்கள். கிரிப்டான் ஒளியின் அலைநீளம்தான் புது மீட்டர். ஓய்வு பெற்ற கம்பியைக் காட்டித்தான் நான் ஐயாவை மட்டம் தட்டியிருக்கிறேன்! அதே இடத்தில் கண்ணாடிக் கூடுகளுக்குள் இருந்த கிலோ உருளைக்கும் 2019 மே 20 அன்று ஓய்வு. அதன் படிகளில் 57ஆம் எண் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தில் இருக்கிறது. இன்று கிலோ என்பது பிளாங்க் மாறிலியை வைத்துச் சொல்லும் ஒரு கணக்கு. கையில் எடுக்கமுடியாது. விஞ்ஞானத்துக்கு அது தேவை. குழந்தைக்கு முதலில் ஆழாக்குத்தான் தேவை.

அரசு அலுவலகத்தில் எழுத்தராக முப்பத்து நாலு வருஷம் இருந்தேன். குடும்ப ஓய்வூதியக் கோப்பு வந்தால், தொகையை எழுதுமுன் அது எத்தனை படி அரிசி, எத்தனை நாளைக்கு வரும் என்று மனசுக்குள் அளந்து பார்ப்பேன். அளந்து பார்த்த கோப்பை மேசையில் தூங்கவிட மனசு வராது. அந்தப் பழக்கம் ஐயா கொடுத்தது.

பேத்திக்குப் படியும் ஆழாக்கும் தேடினேன். ஆயா வீட்டுப் பாத்திரங்கள் பாகம் பிரிந்தபோது எங்கெங்கோ போய்விட்டன. காரைக்குடி பழைய சாமான் கடையில் ஒரு செட் வாங்கிவந்தேன். தரையில் பேப்பரை விரித்து அரிசியைக் கொட்டினோம். உரி, உழக்கு, ஆழாக்கு போட்டுவிட்டுப் படியை எட்டிப் பார்த்தாள்.

"இன்னும் ஒரு ஆழாக்கு ஐயா" என்றாள்.

உங்கள் வீட்டுப் பரணில் ஆழாக்கு கிடந்தால் தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாதீர்கள்.