பெயர் கிழிந்த வாழ்த்து மடல்

நிக்காஹ் வீடுகளுக்கு வாழ்த்துப்பா எழுதத் தொடங்கி முப்பது ஆண்டுகள் ஆகின்றன. பட்டுக்கோட்டை அச்சகம் ஒன்றில் மெய்ப்புத் திருத்துவது என் வயிற்றுப்பாட்டுக்கு, வாழ்த்துப்பா மனத்துக்கு. மணமக்களின் பெயரையும் இரு வீட்டாரின் பெயரையும் யாப்புக்குள் அடக்கிவிட்டால், வண்ணத்தாளின் அடியில் சிறிய எழுத்தில் என் பெயர் வரும். பந்தி முடிந்ததும் அத்தாளிலேயே கை துடைப்பவர்களையும் கண்டிருக்கிறேன்.

கவிஞர் என்றால் எங்களூரில் ஒரே பெயர்தான். அருகிலுள்ள செங்கப்படுத்தான்காட்டில் 1930இல் பிறந்து, 1959இல் 29 வயதில் மறைந்த கல்யாணசுந்தரம், ஊரின் பெயரையே தம் பெயராக்கிக் கொண்டவர். இங்கிருந்து பாட்டெழுதுவது கொல்லன் தெருவில் ஊசி விற்பதுதான்.

என்னோடு எழுதத் தொடங்கிய நண்பர் சென்னைக்குச் சென்று பெயர் பெற்றார். தொலைக்காட்சியில் அவர் முகம் தோன்றும்போதெல்லாம் எழுந்து திண்ணைக்குப் போய்விடுவேன். மனைவி கண்டும் காணாதவளாக இருப்பாள். அதற்குப் பெயர் பொறாமை என்று ஒப்புக்கொள்ள எனக்குப் பல ஆண்டுகள் பிடித்தன.

ஒருநாள் பேருந்து நிலையத் தேநீர்க் கடையில் ‘டவுன் பஸ்’ (1955) படத்தின் சிட்டுக்குருவிப் பாட்டு ஒலித்தது. "நம்ம பட்டுக்கோட்டையார் பாட்டு!" என்றார் அருகிலிருந்தவர். அது கவி கா.மு. ஷெரீப் எழுதியது. ‘முதலாளி’ (1957) படத்து ஏரிக்கரைப் பாட்டும் அவருடையதே. பழைய தஞ்சை மாவட்டத்து அபிவிருத்தீஸ்வரத்தில் 1914இல் பிறந்து, திரைக்கு எழுதி, சீறாப்புராணத்திற்கு உரையும் கண்டு, 1994இல் மறைந்தவர். பாட்டை அறிந்த பலர் அவரை அறியார். நம் வீடுகளில் மட்டும் எத்தனை பேர் அறிவர்? திருத்துவதற்காக வாய் திறந்தேன். அவரோ கண்களை மூடித் தலையசைத்துக் கொண்டிருந்தார். பாட்டு முடிந்த பிறகே சொன்னேன். "அப்படியா பாய்!" என்றவர், இன்னொரு தேநீர் சொன்னார்.

சென்ற ஆண்டு அதிராம்பட்டினத்து வீடொன்றில் வாழ்த்தெழுத அழைத்தார்கள். மூதாட்டி ஒருவர் பீரோவிலிருந்து மடித்த தாளொன்றை எடுத்து வந்தார்.

"என் மகள் கல்யாணத்துக்கு யாரோ எழுதினது தம்பி. பேத்திக்கும் இதே மாதிரி வேணும்."

அந்த மகள் வஃபாத்தாகிப் பல ஆண்டுகள் ஆகிவிட்டனவாம். விரல் பட்டுப் பட்டு, அவர் பெயர் வரும் இடத்தில் மை மங்கியிருந்தது. தாளின் அடிப்பகுதி கிழிந்து போயிருந்தது. படித்துப் பார்த்தேன். மூன்றாம் அடியில் தளை தட்டியது. ஐயமில்லை, எழுதியவன் நானேதான்!

சொல்ல நா எழுந்தது, சொல்லவில்லை. "இதே சந்தத்தில் எழுதித் தருகிறேன் உம்மா" என்று மட்டும் கூறி, தாளை மடித்துக் கொடுத்தேன். திரும்பும் பேருந்தில் சென்னை நண்பரின் நினைவே வரவில்லை.

மணமகளின் தாயார் பெயரை முதலடியிலேயே வைத்தேன். அதற்கு எதுகை கிடைக்க மூன்று நாட்கள் ஆயின.