தங்கவயலின் பிள்ளைகள்

கோலார் தங்கவயலில் முன்பு நேரத்தை அறிவித்தது சுரங்கத்தின் சங்கு. அது ஒலித்ததும் ஒரு ஷிப்டினர் கீழே இறங்குவர்; மற்றொரு ஷிப்டினர் மேலே வருவர். சாம்பியன் ரீஃப் சுரங்கத்தின் ஆழம் 3 கிலோமீட்டருக்கும் மேல். அடியில் பாறை வெடித்துச் சிதறினால் மேலே வீடுகள் அதிரும். தந்தை கீழே இருக்கும் வேளையில் அவ்வதிர்வை உணர்ந்த பிள்ளையின் அச்சம் சிறிதன்று. ஆயினும், அது ஒரு வீட்டோடு நின்ற அச்சமன்று. வரிசை வீடுகளில் வாழ்ந்த அனைவருக்கும் பொதுவானது.

2001ஆம் ஆண்டு அரசின் பாரத் தங்கச் சுரங்க நிறுவனம் மூடப்பட்டது. வட ஆர்க்காடு, சேலம் முதலிய பகுதிகளிலிருந்து தலைமுறைகளுக்கு முன் வந்து குடியேறிய தமிழ்க் குடும்பங்கள் மீண்டும் பிழைப்புத் தேட வேண்டியதாயிற்று. ஊரைவிட்டுப் போக மனமில்லாத பலர் மாரிக்குப்பத்தில் விடியற்காலை இரயிலேறி, ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தொலைவிலுள்ள பெங்களூருக்குச் சென்று இரவில் திரும்பினர். பிள்ளைகள் எழுமுன் புறப்பாடு. உறங்கிய பின் வருகை. ஒரே கூரையின்கீழ் வாழ்ந்தும், தந்தை வந்து போனதைப் பிள்ளை அறிந்தது கொடியில் காயும் சட்டையாலும் கழுவிக் கவிழ்த்த டிபன் கேரியராலுமே.

இத்தகைய பிள்ளை விரைவில் ஒன்றைக் கற்றுக்கொள்கிறது: எதையும் கேட்காதிருத்தல். காய்ச்சலைச் சொல்வதில்லை, பள்ளியில் பட்ட அவமானத்தையும் சொல்வதில்லை. 'தொல்லை தராத பிள்ளை' என உறவினர் புகழ்வர். அப்புகழ்ச்சியும் ஒரு சுமைதான்.

ஆங்கிலேய மனநல மருத்துவர் ஜான் பவுல்பி, 1951இல் உலக சுகாதார நிறுவனத்திற்காக எழுதிய அறிக்கையில், இடையறாத அன்புறவு குழந்தையின் மனநலத்திற்கு இன்றியமையாதது என்றார். அவர் பெரிதும் தாயைக் குறித்தே எழுதினார். தங்கவயலிலோ தந்தையின் இடமும் வெறுமையாக இருந்தது. பாட்டி, அத்தை, பக்கத்து வீட்டார் என அன்பு காட்டுவோர் அமைந்த பிள்ளைகளுக்கு அவ்வெறுமை ஓரளவு நிரம்பியது. மற்றவர்கள் பொறுப்பானவர்களாக வளர்ந்தனர். ஆனால் உதவி கேட்க நாக்கு எழுவதில்லை. வாழ்க்கைத் துணைவர் அரை மணி நேரம் தாமதித்தாலும் நெஞ்சு பதறுகிறது. அன்பில்லாமையால் வந்ததன்று இது. அன்பினாலேயே அத்தந்தை அந்த இரயிலில் ஏறினார். இதை அறிவு ஒப்புக்கொள்கிறது. மனம் ஒப்புவதற்குப் பல்லாண்டுகள் ஆகின்றன.

அப்பிள்ளைகளுள் பலர் இன்று தாமே பெற்றோர். அவர்களுள் சிலர் அதே தடத்தில் வேலைக்குச் செல்கின்றனர். மாலை இரயிலின் இரைச்சலிடையே கைப்பேசியைக் காதோடு அழுத்தி, அன்று பள்ளியில் நடந்ததை ஒன்றுவிடாமல் கேட்கின்றனர்.