மற்றக் காலையும் பழக்கிய வாத்தியார்



குருநகரில் இருந்துகொண்டு உதைபந்தாட்டம் பற்றி எழுதுவது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற வேலைதான். பாடும்மீன் விளையாடுகிறது என்றால் கைவேலையைப் போட்டுவிட்டு மைதானத்துக்குப் போகிற ஊர் இது. ஆனாலும் நாங்கள் எழுத வந்தது ஓர் ஆட்டக்காரரைப் பற்றியல்ல, ஒரு பள்ளிக்கூட வாத்தியாரைப் பற்றி.

அவர் பெயர் செய்யது அப்துல் ரஹீம். 1909இல் ஹைதராபாத்தில் பிறந்தவர். உஸ்மானியாப் பல்கலைக்கழக அணிக்கு விளையாடியவர். ஆனால் ஆட்டக்காரராக நாடு முழுக்கப் பேர் எடுத்தவர் இல்லை. படிப்பு முடிந்ததும் பள்ளிக்கூடங்களில் படிப்பித்தார், உடற்கல்வியில் டிப்ளோமாவும் எடுத்தார். மாலையானால் மைதானத்தில் பெடியளைப் பழக்கினார். அவ்வளவுதான் அவருடைய தொடக்கம். 2024இல் வந்த 'மைதான்' என்ற ஹிந்திப் படம் இவருடைய கதைதான்.

அந்தக் காலத்தில் இந்தியப் பெடியள் பலர் வெறுங்காலோடுதான் விளையாடினார்கள். எங்கள் கடற்கரையில் இன்றைக்கும் பார்க்கிறோமே, அப்படித்தான். 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்றார்கள். அந்த அணியின் பயிற்றுநரும் ரஹீம்தான். பத்துக் கோல் வாங்கிய பயிற்றுநரை ஊர் என்ன பேசியிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. அதன் பிறகு சப்பாத்து கட்டாயமானது. நான்கு வருடம் கழித்து 1956இல் மெல்பேர்ண் ஒலிம்பிக்கில் அதே இந்தியா அவுஸ்திரேலியாவை 4-2 என்று வென்று அரையிறுதிக்குப் போய், நான்காம் இடத்தில் முடித்தது. ஆசிய நாடொன்று ஒலிம்பிக் உதைபந்தாட்டத்தில் அரையிறுதி கண்டது அதுதான் முதல் முறை.

இந்த நான்கு வருடத்து மாற்றம் சப்பாத்தால் மட்டும் வந்ததல்ல. ஹைதராபாத்தில் ரஹீம் நடத்திய சில போட்டிகளைக் கேள்விப்பட்டால் விளங்கும். ஒரு போட்டியில் பந்தை வைத்து வெட்டிக்கொண்டு ஓடக் கூடாது, உடனே மற்றவருக்குக் கொடுக்க வேண்டும். இன்னொன்றில் பழக்கமில்லாத காலால் மட்டுமே உதைக்கலாம். வலது காலில் புலியாக இருப்பவனும் அன்றைக்கு இடது காலோடு தடுமாறத்தான் வேண்டும். அந்தத் தடுமாற்றத்துக்குள்ளால்தான் அவன் முழு ஆட்டக்காரனாகிறான்.

எங்களைப் போன்ற ஆசிரியர்கள் யோசிக்க வேண்டிய இடம் இதுதான் என்று நினைக்கிறோம். ஆசிரிய கலாசாலையில் பாடத்திட்டம் போடவும் புள்ளி போடவும் பழகினோம். வகுப்பறைக்கு வந்த பிறகு நாங்கள் பெரும்பாலும் செய்வது, ஏற்கெனவே ஓடுகிற காலை இன்னும் ஓட விடுவதுதான். புலமைப்பரிசிலில் சித்தியடையக் கூடிய பிள்ளைக்கு மேலதிக வகுப்பு, பெறுபேறு வந்ததும் மதிலில் படம். கடைசி வாங்கில் இருக்கிற பிள்ளை, கூட்டத் தெரியும், பின்னம்தான் தெரியாது என்று சொல்ல வெட்கப்பட்டு, ஒன்பதாம் ஆண்டோடு மெல்லக் கரைந்து போகிறது. பிறகு பார்த்தால் விடியக் காலையில் தகப்பனோடு படகில் போகிறது. கடற்றொழில் குறைந்த தொழில் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. தெரிவு செய்து போவது வேறு, வேறு வழி இல்லாமல் போவது வேறு.

பரீட்சை நெருங்கினால் முதலில் காணாமற்போவது விளையாட்டுப் பாடவேளை. "பந்தடிச்சு என்ன கண்டது?" என்று கேட்கிற பெற்றாரும் இருக்கிறார்கள், ஆசிரியரும் இருக்கிறார்கள். கடைசி வாங்குப் பிள்ளைக்குக் கிழமையில் அந்த ஒரு மணித்தியாலம்தான் தலை நிமிர்கிற நேரம். அதையும் பறித்துவிட்டால் அது ஏன் பள்ளிக்கூடம் வர வேண்டும்?

ரஹீமின் கடைசிக் கதையும் சொல்ல வேண்டும். 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டு விழா. அவருக்கு நுரையீரல் புற்றுநோய். முதல் ஆட்டத்தில் தென் கொரியாவிடம் 2-0 தோல்வி. விழாவில் எழுந்த அரசியல் சர்ச்சையால் மைதானத்துச் சனமும் இந்தியாவுக்கு எதிராகத் திரும்பியிருந்தது. பின்வரிசைக்காரர் ஜர்னைல் சிங்குக்குத் தலையில் காயம். ரஹீம் அவரை வீட்டுக்கு அனுப்பவில்லை, முன்வரிசைக்கு மாற்றினார். செப்டெம்பர் 4, அதே தென் கொரியாவோடு இறுதியாட்டம். பி. கே. பானர்ஜி ஒன்று, அந்த ஜர்னைல் சிங் ஒன்று. 2-1, தங்கப் பதக்கம். கோல் காத்தவர் பீற்றர் தங்கராஜ். சீக்கியர், கிறிஸ்தவர், இந்து, முஸ்லிம் என்று எல்லாரும் இருந்த அணி. அடுத்த வருடம் ஜூன் 11இல் ரஹீம் காலமானார். அதற்குப் பிறகு இந்தியா ஆசிய விளையாட்டில் உதைபந்தாட்டத் தங்கம் எடுத்ததே இல்லை.

ஆனால் அவர் பழக்கியது நிற்கவில்லை. 1960 ரோம் ஒலிம்பிக்கில் அவருடைய அணியில் விளையாடி, பெரு நாட்டுக்கு எதிராகக் கோல் போட்டவர் தமிழ்நாட்டுக்காரரான சைமன் சுந்தரராஜ். ஒலிம்பிக்கில் இந்தியா போட்ட கடைசிக் கோல் இன்றுவரை அதுதான். பின்னர் அவரும் பயிற்றுநரானார். 1973இல் கேரளம் முதன்முதலாகச் சந்தோஷ் கிண்ணத்தை வென்றது அவருடைய கையில்தான்.

1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தை விட்டுப் போக வேண்டி வந்த குடும்பங்களின் பிள்ளைகள் நாங்கள். பந்து உதைக்கப் பழகியது புத்தளத்து மணலில். திரும்பி வந்து குருநகர்ப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறபோது, முதலில் எங்களோடு கதைக்கத் தொடங்கியவர்கள் மைதானத்துப் பெடியள்தான். அந்த உரிமையில் இரண்டு வேண்டுகோள்.

பெற்றாரே, விளையாட்டுப் பாடவேளையை ரியூசனுக்கு விட்டுக்கொடுக்கச் சொல்லிப் பள்ளிக்கூடத்தைக் கேட்காதீர்கள். கழகத்து அண்ணன்மாரே, சம்பளம் இல்லாமல் பின்னேரங்களில் பிள்ளைகளைப் பழக்குகிற உங்களுக்கு இந்த ஊர் கடமைப்பட்டிருக்கிறது. அடுத்த சுற்றுப்போட்டியில் பதினான்கு வயதுக்குட்பட்டோருக்கு ஓர் ஆட்டம், பழக்கமில்லாத காலால் மட்டும் என்று வைத்துப் பாருங்கள். அணியில் இடம் கிடைக்காத பிள்ளைகளை முதலில் இறக்குங்கள். கோடு போடவும் விசில் ஊதவும் ஆசிரியர்கள் நாங்கள் வருகிறோம்.