டிரங்குப் பெட்டிக்குள்ளே ஓர் அழகி!

கோம்பைன்னதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? நாய்தானே! செவலை உடம்பு, கறுத்த மூஞ்சின்னு ஊர்ப் பேரையே தன் பேரா வெச்சுக்கிட்டுத் திரியற அந்த வேட்டை நாயைப் பார்க்கத்தான் நானும் பஸ் ஏறினேன். ஆனா, பார்த்து அசந்துபோனது வேற ஒருத்தியை!

உத்தமபாளையத்துல இறங்கி, தேவாரம் வழியா போடி போற பஸ்ஸைப் பிடிங்க. சீட்ல சாய்ஞ்சு உட்கார்றதுக்குள்ளே கோம்பை வந்துடும். ஊருக்குப் பின்னாடி மதில் கட்டின மாதிரி மேற்குத் தொடர்ச்சி மலை. உச்சியில ராமக்கல்மேடு... அது கேரளா! அதே ரோட்டுல இன்னும் கொஞ்ச தூரம் போனா, இளையராஜா பிறந்த பண்ணைப்புரம். மலைக்கு மேல ஏலத்தோட்டம். இந்தப் பக்கத்து ஜனங்க எத்தனையோ பேருக்கு அங்கேதான் பொழப்பு.

என் கிளாஸ்மேட்டோட தாத்தாவும் ஏலத்தோட்டத்துல வேலை பார்த்தவர்தான். இப்ப அவர் இல்லை. வீட்டுக்கு வெள்ளையடிக்கிறாங்கன்னு அவரோட டிரங்குப் பெட்டி திண்ணைக்கு வந்திருந்தது. பழைய இரும்புக்காரர் வந்தா எடைக்குப் போட்டுடறதா ஏற்பாடு. சும்மா மூடியைத் திறந்தேன். உள்பக்கம் ஒட்டியிருந்தது ஒரு காலண்டர் படம். இடுப்புல குடம், நனைஞ்ச சேலை, திரும்பிப் பார்த்து ஒரு சிரிப்பு! "டேய், மூடுடா! அம்மாச்சி வருது!"னு பதறினான் நண்பன்.

இந்த மாதிரி படத்துக்கு அமெரிக்காவுல 'பின்-அப்'னு பேரு. சுவத்துல குண்டூசி குத்தி மாட்டற படம். அங்கே இதுல ஸ்டார் ஓவியர் கில் எல்வ்கிரன் (1914-1980). 'பிரவுன் அண்ட் பிகிலோ'ங்கிற காலண்டர் கம்பெனிக்காக வரைஞ்சு தள்ளினவர். மேலே அழகி, கீழே கடைப் பேரு. வருஷம் பூரா கடைப் பேரைப் பார்க்க வைக்கற டெக்னிக்! அதே கம்பெனிக்கு வரைஞ்ச ஸோயி மோஸர்ட் ஒரு பெண். கண்ணாடி முன்னால நின்னு, தன்னையே மாடலா வெச்சு வரைஞ்சவங்க!

நமக்கு எல்லாமே சிவகாசி. அடுத்த வருஷக் காலண்டர் ஆல்பம் ஆடிப்பெருக்குக்கே ரெடி. கடைக்காரர் படத்தைத் தேர்ந்தெடுத்தா, கீழே அவர் பேரு பிரின்ட் ஆகும். நம்ம பூஜை அறை லட்சுமி, முருகனுக்கெல்லாம் முகம் கொடுத்தவர்கள்ல முக்கியமானவர் கோவில்பட்டி கொண்டையராஜு (1898-1976). நாடகக் கம்பெனிக்கு சீன் வரைஞ்ச கை அது. வடக்கே, கிராமத்துப் பெண்களையும் பழங்குடிப் பெண்களையும் காலண்டர்ல வரைஞ்சு கலக்கினவர் ஜே.பி.சிங்கால் (1934-2014). பத்திரிகைப் பக்கம் வந்தா, சுஜாதா கதைகளுக்கு ஜெயராஜ் வரைஞ்ச மாடர்ன் பெண்கள்... அட்டைப்படங்கள்ல மாருதி (1938-2023) வரைஞ்ச பெரிய கண்ணழகிகள். உங்க அப்பாகிட்ட கேட்டுப் பாருங்க, சிரிச்சு மழுப்புவார்!

சரி, பெட்டிக்குள்ளே இருந்தவளை வரைஞ்சது யாரு? படத்துக்குக் கீழே போடி ஏலக்காய்க் கடைப் பேரு பளிச்சுனு இருக்கு. ஓவியர் கையெழுத்து? பெட்டி அளவுக்குத் தாத்தா ஓரத்தைக் கத்தரிச்சதுல அதுவும் போயிடுச்சு. ஒரே ஒரு சுழி மட்டும் மிச்சம். ஒரு மனுஷனோட ஆயுசு பூரா கூடவே இருந்த படம்... வரைஞ்சவர் பேரு யாருக்கும் தெரியாது!

அதுக்குள்ளே அம்மாச்சி வந்துட்டாங்க. நாங்க திருதிருனு முழிக்க, அவங்க கூலா உட்கார்ந்தாங்க.

"இவளை எனக்குத் தெரியாதாக்கும்? நான் வாக்கப்பட்டு வந்தப்பவே பொட்டிக்குள்ள இருந்தா. மூணு மாசத்துக்கு ஒருக்கா மலையில இருந்து எறங்குவாரு. 'அவளைக் கிழிச்சு எறி'ன்னு நான் சண்டை போடாத நாள் இல்ல. மனுஷன் கிழிக்கவே இல்லயே! ஒரு தடவை திறந்து பாக்கறேன்... பக்கத்துல என் போட்டோவும் ஒட்டியிருக்கு!"

அப்பத்தான் கவனிச்சேன். குடத்துக்குப் பக்கத்துல, ஸ்டாம்ப் சைஸ்ல ஒரு கறுப்பு வெள்ளை போட்டோ.

"அவ எம்புட்டுப் பெருசு, நான் எம்புட்டுச் சிறுசு பாரு!"ன்னு சிரிச்ச அம்மாச்சி, சேலைத் தலைப்பால போட்டோவை மட்டும் துடைச்சாங்க.

இப்படிப்பட்ட படங்களை ரசிக்கிறதா, ஒரு பெண்ணை இப்படி நனைய விட்டுத்தான் ஏலக்காய் விக்கணுமான்னு கோபப்படறதா? எனக்கு ரெண்டுமே தோணுச்சு. ஆனா, எடைக்குப் போடணும்னு மட்டும் தோணலை.

உங்க வீட்டுப் பரண்லயும் இப்படி ஒண்ணு இருக்கலாம் ஃப்ரெண்ட்ஸ். போகிக்குக் கொளுத்தறதுக்கு முன்னாடி ஓரத்துல கையெழுத்து இருக்கான்னு பாருங்க. இருந்தா, செல்போன்ல ஒரு க்ளிக். அந்தப் பேராவது மிஞ்சட்டும்!

சாயங்காலம் இரும்புக்காரர் வந்தார். அம்மாச்சி பெட்டி மேலேயே உட்கார்ந்துக்கிட்டு, "பழைய பக்கெட் இருக்கு, எடுத்துக்கய்யா"ன்னாங்க. மூடிக்குள்ள இருந்தவளைப் பத்தி மூச்சு விடலை!

ஆங்... நாயை மறந்துட்டேனே! பெட்டிக்குப் பக்கத்துலதான் படுத்திருந்துச்சு. இரும்புக்காரர் தெரு முனை தாண்டற வரைக்கும் குரைப்பை நிறுத்தவே இல்லை. கோம்பைன்னா சும்மாவா!