பள்ளத்து மலையும் புளூட்டோவின் பனியாறும்

தமிழிலே 'பனி' என்னும் சொல் பல பணிகளைத் தனித்து நின்று செய்கின்றது. புல்நுனியில் நிற்கும் துளியும் பனி. விடியற்காலையிற் பள்ளத்தாக்கை மூடும் புகாரும் பனி. இமயத்தின் உச்சியில் வீழ்ந்து கிடப்பதும் பனியே. முன்பனி, பின்பனி என இரு பருவங்களை வகுத்த தமிழர், தாம் வாழ்ந்த நிலத்திற் பனி இறுகி ஆறாக நகர்வதைக் கண்டவரல்லர். தொல்காப்பியம் குறிஞ்சிக்குக் கூதிரையும் முன்பனியையும் உரிய பெரும்பொழுதாகக் கூறுகின்றது. ஆயின் ஐந்து நிலங்களுள் உறைபனிக்கென ஒரு நிலம் இல்லை. ஆதலின், புவியியற் பாடநூல் 'பனிக்கட்டியாறு' என்ற சொல்லை ஆக்கித் தந்தபொழுது சொல் மாத்திரமே வந்து சேர்ந்தது; பொருள் ஐரோப்பிய மலையிலேயே நின்றுவிட்டது. நுவரெலியாவிலோ ஹற்றனிலோ தோட்டத்துப் பாடசாலையொன்றிற் பயிலும் மாணவன் அதனைப் படத்திற் பார்க்கிறான், வரைவிலக்கணத்தை மனனஞ் செய்கிறான், பரீட்சையில் எழுதுகிறான்.

காணாத ஒன்றைக் கற்பனை செய்வது மலையக மக்களுக்குப் புதியதன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டிலே திருச்சி, சேலம், மதுரைப் பகுதிகளிலிருந்து கப்பலேறியவர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் சொல்லும் செய்தி ஒன்றுண்டு: தேயிலைத் தூரைத் தோண்டினால் தேங்காயும் மாசியும் கிடைக்குமெனக் கங்காணிமார் ஆசை காட்டினராம். அந்தக் கற்பனை நாட்டை நம்பி வந்தவர்களுக்குக் கிடைத்தது லயத்துக் காம்பராவும் குளிரும். வெயில் காய்ந்த சமவெளியிற் பிறந்தவர்கள் கம்பளியைத் தலையிற் போட்டுப் படங்குச் சாக்கை இடுப்பிற் கட்டப் பழகினார்கள். குளிரைப் பற்றிய அவர்களின் அறிவு அங்ஙனம் உடம்பினாற் பெற்ற அறிவாகும். ஆயினும் வகுப்பறையில் அதற்கு இடம் கொடுப்போர் அரிது.

நுவரெலியா கடல்மட்டத்திலிருந்து 1,868 மீற்றர் உயரத்தில் உள்ளது. தை, மாசி மாதங்களிலே முகிலும் காற்றும் இல்லாத சில இரவுகளில் அங்கே உறைபனி படிகின்றது. பகலிற் பெற்ற வெப்பத்தை நிலம் தடையின்றி வானுக்கு விட்டுவிட, நிலத்தை ஒட்டிய காற்றுக் குளிர்ந்து பாரமாகின்றது. பாரமான காற்று நிற்பதில்லை. சரிவு வழியே நீரைப் போலவே இறங்கித் தாழ்ந்த இடத்திற் குளமாகத் தேங்குகின்றது. அவ்விடத்துத் தேயிலையின் இழையங்களிலுள்ள நீர் உறைந்து கலங்கள் சிதைகின்றன. வெயிலேறியதும் கொழுந்து கருகிப் பழுப்பாகின்றது. சற்று மேலேயுள்ள செடிகளோ பச்சையாக நிற்கும்.

தேயிலை நிற்கும் ஒவ்வொரு துண்டு நிலத்தையும் 'மலை' என்பதே தோட்டத்து வழக்கு. பள்ளத்து மலை மாத்திரம் கருகியது ஏனென்று மகன் கேட்டால், தாய்க்கு விடை கூறப் பௌதிகவியல் வேண்டியதில்லை.

"குளிரு பள்ளத்துக்குத்தான்டா எறங்கும். தண்ணி மேல ஏறுமா?"

கண்ணுக்குப் புலப்படாத ஓர் ஆறு இரவிலே மலைச்சரிவில் ஓடுகின்றது என்பதே இவ்விடையின் பொருள். அந்த ஆற்றின் பெரும்பகுதி எது என்பதை நோக்குமிடத்துத்தான் வியப்பு மேலிடுகின்றது. காற்றில் ஏறத்தாழ 78 சதவீதம் நைதரசன். பள்ளத்து மலைக்கு இறங்கி வருவது, பெரும்பாலும், நைதரசன் ஆறே. அதே நைதரசனைப் பூச்சியத்துக்குக் கீழே 210 பாகை செல்சியசு வரை குளிரவைத்தால் அது திண்மமாகிவிடும். புளூட்டோவின் தரை அதனினும் குளிரானது.

2006ஆம் ஆண்டு சனவரியிற் புறப்பட்ட 'நியூ ஹொரைசன்ஸ்' விண்கலம், 2015ஆம் ஆண்டு யூலை 14ஆம் திகதி புளூட்டோவை ஏறத்தாழ 12,500 கிலோமீற்றர் தூரத்திற் கடந்து சென்றது. அது அனுப்பிய படங்களிலே சுமார் ஆயிரம் கிலோமீற்றர் அகன்ற வெண்ணிறச் சமவெளியொன்று காணப்பட்டது. ஸ்புட்னிக் சமவெளி என இப்போது வழங்கும் அப்பரப்பு, பெரும்பாலும் உறைந்த நைதரசனால் ஆனது. விண்கற்கள் மோதிய தழும்புகள் அதிற் காணப்படவில்லை. ஆகவே அப்பரப்பின் வயது ஒரு கோடி ஆண்டுகளுக்கும் குறைவென மதிப்பிடுகின்றனர். கீழிருந்து வரும் சொற்ப வெப்பத்தால் நைதரசன் மெல்ல மேலெழுந்து, குளிர்ந்து, ஓரங்களில் மீண்டும் அமிழ்கின்றது. கொதிக்கும் கூழ்ப்பானையின் மேற்பரப்பைக் கண்டவருக்கு இது விளங்கும். அங்கே ஒவ்வொரு கொப்புளமும் பத்து முதல் நாற்பது கிலோமீற்றர் அகலம், நகர்வோ ஆண்டுக்குச் சில சென்ரிமீற்றர். கிழக்கு மேட்டுநிலங்களிலிருந்து பள்ளங்கள் வழியே நைதரசன் பனியாறுகள் இச்சமவெளியில் வந்து இறங்குகின்றன. வெயில் படும்போது ஆவியாகும் நைதரசன் இரவில் மீண்டும் உறைந்து படிகின்றது. பள்ளத்து மலையின் இரவுதான். ஆயின் அங்கே ஓரிரவும் பகலும் சேர்ந்தால் பூமியின் ஆறு நாட்களுக்கு மேல்.

அச்சமவெளியின் ஓரத்தில் நிற்கும் மலைகள் நீர்ப்பனிக்கட்டியாலானவை. அக்குளிரில் நீர் கருங்கல்லைப் போன்று இறுகிவிடும். அவற்றுள் ஒரு தொடருக்கு 2017இல் டென்சிங்கின் பெயர் இடப்பட்டது. 1953இல் எவரெஸ்ற் உச்சியை அடைந்த டென்சிங் நோர்கே, சுமைதூக்கியாகத் தொழில் தொடங்கியவர். டார்ஜிலிங்கில், இன்னொரு தேயிலை மலையில், வாழ்ந்தவர். தேயிலைக் கூடை சுமப்போரின் பிள்ளைகளுக்கு இச்செய்தியைச் சொல்லும் பாடநூல் இருப்பின் நன்று.

அங்கே சென்று நின்றவர் எவருமிலர். விண்கலம் காட்டியவை போக எஞ்சியதைக் கற்பனையே நிரப்பவேண்டும். இத்தகைய கற்பனைக்கு மலைநாடு அந்நியமான இடமன்று. 1956 முதல் 2008இல் மறையும் வரை இலங்கையில் வாழ்ந்த ஆதர் சி. கிளார்க், சிவனொளிபாதமலையை மாதிரியாகக் கொண்ட ஒரு சிகரத்திலிருந்தே விண்ணுக்கு ஏணி அமைப்பதாக 1979ஆம் ஆண்டு நாவலொன்றை எழுதினார். அதன்பொருட்டுத் தீவையே ஏறத்தாழ 800 கிலோமீற்றர் தெற்கே நகர்த்தினார்; நாவலாசிரியருக்கு அந்தச் சலுகை உண்டு. மஸ்கெலியாவின் தேயிலை மலைகளோ அச்சிகரத்தின் அடிவாரத்தில் இருந்த இடத்திலேயே இருக்கின்றன.

பனியாற்றைக் கற்பிக்கும் ஆசிரியர் அல்ப்சு மலையிலிருந்து தொடங்குவதிலும், பள்ளத்து மலையிலிருந்து தொடங்குவதிலும் பெரிய வேறுபாடு உண்டு. முன்னையதில் மாணவனின் தாய்க்கு ஒன்றுந் தெரியாது. பின்னையதில் அவளே முதல் ஆசிரியை. அவள் இந்த அறிவுக்குக் கொடுத்த விலையும் சிறிதன்று. கருகிய மலை மீண்டும் துளிர்க்க வாரங்கள் செல்லும். கொழுந்தின் நிறை குறைந்தால் அன்றைய நாள் 'அரைப்பேர்' ஆகிவிடும்.

வானியல் ஆய்வாளர் விரும்புவது முகிலற்ற இரவை. லயத்து வாசலில் நிற்பவளுக்கு அதே வானம் வேறு செய்தி சொல்கின்றது. மூடுபனி இறங்கிவிட்டால் நிலத்தின் வெப்பம் தங்கும், கொழுந்து தப்பும். தை மாதத்து இரவில் உடுக்கள் வழக்கத்திலும் தெளிவாகத் தெரிந்தால், பின்னுள்ள காம்பராவை நோக்கி அவள், "நாளைக்குப் பள்ளத்து மலை போச்சு" என்கிறாள்.